சிவப்பு மார்க்கரில் நான் எழுதிய சொல்

மகளின் தண்ணீர்ப் போத்தல் மூடியைத் திறக்க முடியவில்லை. என் நோய் அங்கேதான் தொடங்கியது என்று இப்போது சொல்கிறேன். அன்றைக்கு மூடியைத்தான் திட்டினேன்.

தீவுப் பக்கம் ஆயர் ஈத்தாம் என்ற ஊரில் எங்கள் அடுக்குமாடி வீட்டில் காலை நேரம் ஒரு ஓட்டப்பந்தயம். ஏழு வயது யாழினியைப் பள்ளி வேனில் ஏற்றிவிட்டு, நானும் என் கணவர் குமரனும் பாலம் கடந்து பெருநிலத்துக்கு வேலைக்குப் போகவேண்டும். அவருக்குப் பிறை என்ற ஊரில் தொழிற்சாலை. எனக்குச் செபராங் ஜெயாவில் ஓர் இடைநிலைப் பள்ளியில் கிராணி (அலுவலக எழுத்தர்) வேலை. இந்த அவசரத்தில் விரல்கள் மடங்க மறுத்தால் யாருக்குக் கோபம் வராது?

பத்து மணிக்கெல்லாம் விரல்கள் சரியாகிவிடும். அதனால் யாரிடமும் சொல்லவில்லை. அடுத்து முழங்கால் வலித்தது. நிறைய நேரம் உட்கார்ந்திருக்கிறேன் என்று நினைத்தேன். வாய்க்குள் வலிக்காத புண்கள் வந்தன. உடம்புச் சூடு என்றேன். சீப்பில் முடி கொத்தாக வந்தது, ஷாம்பூவை மாற்றினேன். எல்லாவற்றுக்கும் எனக்கு ஒரு விளக்கம் இருந்தது. வருடக்கணக்காக மேலிடத்துக்கு விளக்கக் கடிதம் எழுதிய புத்தி வேறு எப்படி வேலை செய்யும்?

பள்ளி விளையாட்டுப் போட்டி நாளன்று திடலில் நின்று சான்றிதழ் எடுத்துக் கொடுத்தேன். மாலையில் முகம் எரிந்தது. கண்ணாடியில் பார்த்தால் இரண்டு கன்னமும் மூக்குத்தண்டும் சேர்ந்து சிவந்திருந்தன. மூக்கின் ஓரத்து மடிப்புகள் மட்டும் என் பழைய நிறத்திலேயே இருந்தன. மறுநாள் காய்ச்சல்.

எங்கள் ஊரில் காய்ச்சல் என்றால் முதலில் டெங்கிதான். பக்கத்துக் கிளினிக்கில் இரத்தம் எடுத்தார்கள். வெள்ளை அணுக்களும் தட்டணுக்களும் (இரத்தத்தை உறைய வைப்பவை) குறைந்திருந்தன. டெங்கி இல்லை என்று வந்தது. மூன்று நாள் கழித்து மறுபடி எடுத்தார்கள், மறுபடியும் இல்லை. கிளினிக் டாக்டர் என் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு பெரிய ஆஸ்பத்திரிக்கு ஒரு கடிதம் எழுதித் தந்தார். அவர் அதை எழுதிய அந்தச் சில நிமிடங்களில்தான் எனக்கு முதன்முதலாகப் பயம் வந்தது.

இதைப் படிக்கும் நீங்களும் அந்தப் பெரிய ஆஸ்பத்திரி நடைவழியில் உட்கார்ந்திருக்கலாம். வாதநோய்ப் பிரிவு என்று பலகை இருக்கும். உள்ளே கிழவர்கள்தான் இருப்பார்கள் என்று எண்ணிப் போனேன். பெஞ்சில் முக்கால்வாசிப் பேர் என்னைப்போல் பெண்கள். ஒருத்திக்கு விரல் மூட்டுகள் வீங்கிக் கோணியிருந்தன (முடக்குவாதம்). ஒருத்தி நிமிடத்துக்கொரு தரம் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தாள். அவளுக்கு எச்சிலும் கண்ணீரும் சுரக்காதாம். இன்னொருத்திக்குக் கையின் தோல் இறுகி, பளபளவென்று, சுருக்கமே இல்லாமல் இருந்தது. எல்லாம் ஒரே குடும்பத்து நோய்கள் என்று எனக்கு அப்போது தெரியாது. அந்தக் குடும்பத்தில் நானும் ஒருத்தி என்றும் தெரியாது.

என்னைப் பார்த்த டாக்டர் ஈப்போவில் பிறந்த தமிழ்ப் பெண். என்னைவிட வயதில் சின்னவர். ஏ.என்.ஏ. என்ற சோதனை (தன் அணுக்களையே தாக்கும் எதிர்ப்பொருள் இரத்தத்தில் இருக்கிறதா என்று பார்ப்பது) பலமாகவே காட்டுகிறது என்றார். நான் விழித்ததைப் பார்த்துத் தமிழுக்கு மாறினார்.

“அக்கா, உங்க ஃபிளாட்ல ஜாகா இருக்காருல்ல? திருடனப் புடிக்கத்தான் அவரு. அவருக்கு ஆள் அடையாளம் தெரியாமப் போயி, வீட்டுக்காரங்களையே அடிச்சா எப்படி இருக்கும்? உங்க ஒடம்புல அதான் நடக்குது.”

“அப்ப என்னோட எதிர்ப்பு சக்தி கொறைஞ்சு போச்சா டாக்டர்?”

“கொறையல. ஆளு மாறி அடிக்குது. அதனால யாராச்சும் சத்து பவுடர், எதிர்ப்பு சக்திக்கு ஜூஸ்னு கொண்டாந்து குடுத்தா என்னைக் கேக்காம குடிக்காதீங்க. இந்த நோய்க்குப் பேரு லூபஸ்.”

அந்தப் பெயரைக் கேட்டதும் நான் ஆஸ்பத்திரியில் இல்லை. எங்கள் பள்ளி மண்டபத்துக்குப் பின்னாலிருக்கும் சாமான் கொட்டகையில் இருந்தேன்.

மலேசியாவில் அலுவலக வேலை பார்த்தவர்களுக்கு இது சட்டென்று புரியும். மலாயில், அதே ஆங்கில எழுத்துகளில் எழுதும் ‘லுபுஸ்’ என்றால் கழித்துக்கட்டுவது, இல்லாமல் ஆக்குவது. குப்பை மேட்டுக்கும், பழைய சாமான்களைக் கழிக்கும் பாரத்துக்கும் (படிவம்) அந்தச் சொல்லிலிருந்துதான் பெயர். கால் உடைந்த நாற்காலி, ஓடாத மின்விசிறி, இருமுகிற கணினி என்று வருடாவருடம் பட்டியல் எடுப்பது என் வேலை. ஒவ்வொன்றின் முதுகிலும் சிவப்பு மார்க்கரால் பெரிய எழுத்தில் அந்த ஐந்து எழுத்தை எழுதுவேன். என் கையெழுத்து அழகாக இருக்கும் என்பதால் அந்த வேலையை என்னிடமே கொடுத்திருந்தார்கள். பிறகு ஒரு நாள் லாரி வரும்.

டாக்டர் என் ஆஸ்பத்திரிப் புத்தகத்தின் முதல் பக்கத்தில் அதே ஐந்து எழுத்தை, அதே வரிசையில், பெரிய எழுத்தில் எழுதினார். அது வேறு மொழிச் சொல் என்று மூளைக்குத் தெரிந்தது. கைக்குத் தெரியவில்லை. புத்தகத்தை வாங்கி மூடினேன்.

ஹைட்ராக்சிகுளோரோகுயின் (மலேரியாவுக்காக வந்து இந்த நோயையும் அடக்கும் மாத்திரை) தினமும். பிரெட்னிசலோன் (வீக்கத்தை அடக்கும் ஸ்டீராய்டு) காலையில் எட்டு மாத்திரை. வெயில் ஆகாது. “ஸ்டீராய்ட நீங்களா நிறுத்தவே கூடாது. நான்தான் மெதுவாக் கொறைப்பேன்,” என்று டாக்டர் இரண்டு தடவை சொன்னார். நான் இரண்டு தடவையும் தலையாட்டினேன்.

வெயில் ஆகாது என்று சொல்வது எளிது. காலையில் பாலத்தில் கிழக்கே போகிறோம், மாலையில் மேற்கே திரும்புகிறோம். இரண்டு வேளையும் சூரியன் என் முகத்துக்கு நேரேதான். குமரன் எங்கள் காடியின் (கார்) கண்ணாடிக்குக் கறுப்புத் தாள் ஒட்டினார். நான் முழுக்கை, தொப்பி, முகக்கவசம் என்று ஏறி உட்கார்ந்தேன். “பேங்க்குல திருடப் போறவ மாதிரி இருக்கேலா,” என்றார். சிரித்தேன். அவரும் பயந்திருந்தார் என்பது எனக்குத் தெரியும். காடி ஓட்டும்போது பாட்டுப் போடுவதை அவர் நிறுத்தியிருந்தார்.

அலுவலகத்தில் நோயின் பெயரைச் சொல்லவில்லை. மூட்டுவலி என்று மட்டும் விடுப்புச் சீட்டில் எழுதும்படி கேட்டு வாங்கிக்கொண்டேன். நான் அந்தப் பெயரைச் சொன்னால் பக்கத்து மேசை காக் ரோஸ் (ரோஸ் அக்கா, மலாய்ப் பெண்) என்ன நினைப்பார்? தலைமையாசிரியர் என்ன நினைப்பார்? ஒப்பந்தத்தில் இருக்கும் கிராணி நான். என் முதுகில் எழுதியிருப்பதை அவர்கள் படித்துவிடுவார்கள் என்று பயந்தேன். படித்தவள்தானே, இப்படியா யோசிப்பாய் என்று நீங்கள் கேட்கலாம். பயம் சான்றிதழைப் பார்த்து வருவதில்லை.

ஸ்டீராய்டு ஆறே வாரத்தில் என் முகத்தை நிலா மாதிரி உருட்டியது. விரல்கள் நன்றாக மடங்கின, காய்ச்சல் இல்லை, மாத்திரை தன் வேலையைச் செய்தது. ஆனால் கண்ணாடியில் இருந்தது நான் இல்லை. காக் ரோஸ் ஒரு நாள் என் கன்னத்தைச் செல்லமாகக் கிள்ளி, “தெம்பாமாகிவிட்டாயே,” என்று மலாயில் சொன்னார். கொழுகொழு கன்னம் என்று அர்த்தம். இரண்டாவது பிள்ளையா என்று இன்னொருத்தி கேட்டாள். இன்னும் ஒரு மாதம் போனால் எல்லாருக்கும் தெரிந்துவிடும் என்று எனக்குத் தோன்றியது.

எட்டு மாத்திரையை நாலாக்கினேன். ஒன்றும் ஆகவில்லை. இரண்டாக்கினேன். அந்த வாரக் கடைசியில் நிறுத்தினேன். குமரனிடம் சொல்லவில்லை. காலையில் மாத்திரைகளை உள்ளங்கையில் எடுத்து, குளியலறைக்குள் போய்க் கழுவிவிட்டேன். நான் மாத்திரை போடுகிறேன் என்று நம்பியவர்கள் எல்லாரையும் ஏமாற்றினேன். எழுத வெட்கமாக இருக்கிறது. ஆனாலும் எழுதுகிறேன், ஏனென்றால் உங்களில் யாரோ ஒருவர் இன்று காலை அதே குளியலறையில் நிற்கிறார். தயவுசெய்து நிறுத்தாதீர்கள்.

மூன்றாவது வாரம் சாக்ஸைக் கழற்றினால் கணுக்காலில் பள்ளம் விழுந்து, அப்படியே நின்றது. சிறுநீரில் நுரை. சோப்புத் தண்ணீர்போல, ஊற்றினாலும் அடங்காத நுரை. மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்கியது. அப்போதும் ஒரு விளக்கம் தேடினேன்; உப்புக் கருவாடு சாப்பிட்டிருந்தேன் என்றுகூட நினைத்தேன். காலையில் செருப்பு காலில் நுழையாமல் நான் வாசலில் உட்கார்ந்திருந்ததைக் குமரன் பார்த்தார்.

“மாத்திர போட்டியா இல்லையா?”

இல்லை என்று தலையாட்டினேன். அவர் சத்தம் போடவில்லை. என் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு, “வா,” என்று மட்டும் சொன்னார். வெறுங்காலோடு காடியில் ஏறினேன்.

படுக்கையில் சேர்த்தார்கள். இரத்த அழுத்தம் ஏறியிருந்தது. சிறுநீரில் புரதம் கொட்டியது. கிரியேட்டினின் (சிறுநீரகம் வெளியேற்ற வேண்டிய கழிவு) இரத்தத்தில் கூடியிருந்தது. ஜாகா இப்போது என் சிறுநீரகத்தை அடித்துக்கொண்டிருந்தார். எவ்வளவு அடித்தார் என்று பார்க்க ஊசியால் ஒரு துளி சதை எடுக்கவேண்டும் என்றார்கள் (பயாப்சி).

சக்கர நாற்காலியில் என்னைத் தள்ளிக்கொண்டு போன வழியில் டயாலிசிஸ் பிரிவு (சிறுநீரகம் செய்யவேண்டிய சுத்திகரிப்பை இயந்திரம் செய்யும் இடம்). கதவு திறந்திருந்தது. என் வயதுப் பெண் ஒருத்தி சாய்ந்து படுத்துக் கைப்பேசியில் ஏதோ பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தாள். அவள் கையில் நரம்பு முடிச்சுப்போலப் புடைத்திருந்தது. அவளுடைய சிரிப்பைப் பார்த்துத்தான் நான் அதிகம் பயந்தேன். இதற்கும் பழகிவிட முடியும் என்பது எனக்கு ஆறுதலாக இல்லை.

குப்புறப் படுக்க வைத்து வயிற்றுக்கடியில் தலையணை வைத்தார்கள். மரத்துப்போக ஊசி போட்டபின், மூச்சை இழுத்துப் பிடிக்கச் சொன்னார்கள். டக்கென்று ஒரு சத்தம். எங்கள் அலுவலக ஸ்டேப்ளர் மாதிரியே இருந்தது. இன்னொரு முறை. அவ்வளவுதான். அதற்குப் பிறகு அசையாமல் மல்லாந்து கிடக்கவேண்டும். சிறுநீரில் இரத்தம் வருகிறதா என்று தாதி வந்து வந்து பார்த்தார். அசையாமல் கிடந்த அந்த நேரம் முழுவதும் யாழினியின் தலைமுடியைப் பற்றியே நினைத்தேன். அவளுக்குச் சடை பின்ன எங்கள் வீட்டில் என்னைத் தவிர யாருக்கும் தெரியாது. குமரனுக்குக் கற்றுக்கொடுக்கவேண்டும், சீக்கிரம் கற்றுக்கொடுக்கவேண்டும் என்று அதே நினைப்பாக இருந்தது. நான் செத்துப்போவேன் என்று நினைக்கத் தைரியமில்லாமல்தான் சடையைப் பற்றி நினைத்தேன்.

முடிவு நான்காம் வகை என்று வந்தது (சிறுநீரக வடிகட்டிகளில் பாதிக்கு மேல் தாக்கப்பட்ட நிலை). டாக்டர் படுக்கை ஓரத்தில் உட்கார்ந்தார்.

“ஏன்கா நிறுத்துனீங்க? மொகம் உப்புச்சுன்னா?”

சொல்லிவிட்டேன். நாற்காலி, மார்க்கர், லாரி எல்லாவற்றையும் சொன்னேன். அவர் சிரிப்பார் என்று எதிர்பார்த்தேன். சிரிக்கவில்லை.

“அது மலாய் இல்லக்கா. லத்தீன். ஓநாய்னு அர்த்தம். அந்தக் காலத்துல மொகத்துல வர்ற புண்ணு ஓநா கடிச்ச மாதிரி இருக்குன்னு வெச்ச பேரு.”

“ஓநாய் மட்டும் ரொம்ப நல்லதா டாக்டர்?”

இப்போது சிரித்தார். பிறகு என் கணுக்காலை அழுத்திப் பார்த்துக்கொண்டே, “இன்னும் ரெண்டு வாரம் லேட்டா வந்திருந்தீங்கன்னா நான் வேற மாதிரி பேசிக்கிட்டு இருந்திருப்பேன்,” என்றார். “இப்பவும் உறுதியா ஒண்ணும் சொல்ல முடியாது. கிட்னி காப்பாத்தப் பாப்போம்.”

அந்தப் ‘பாப்போம்’ என்னோடு பல மாதம் இருந்தது. மூன்று நாள் ஸ்டீராய்டை நரம்பு வழியே ஏற்றினார்கள். பிறகு மைக்கோஃபெனோலேட் (எதிர்ப்புச் சக்தியின் வேகத்தைக் குறைக்கும் மாத்திரை) காலையும் மாலையும். அது வயிற்றைப் புரட்டியது. அதைச் சாப்பிடும் காலத்தில் கர்ப்பம் தரிக்கக்கூடாது என்றார்கள். இரண்டாவது பிள்ளை என்று நாங்கள் பேசிக்கொண்டிருந்தது அந்த ஒரு வரியில் நின்றுபோனது. குமரன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். பிறகு, “ஒண்ணு போதும்லா. அவளே ரெண்டு பேரு பேசறதப் பேசறா,” என்றார்.

ஆஸ்பத்திரிக்குக் காக் ரோஸ் பழம் வாங்கிக்கொண்டு வந்தார். கட்டில் தலைமாட்டில் என் பெயருக்குக் கீழே நோயின் பெயர் எழுதியிருந்தது. மறைக்க நேரமில்லை. அவர் படித்தார். அவர் மலாயில், “இதுவா? என் சின்னம்மா மகளுக்கும் இதுதான். மூன்று பிள்ளைகள் அவளுக்கு. வெயிலில் மட்டும் போகமாட்டாள்,” என்று சொல்லிவிட்டு ஆரஞ்சை உரிக்கத் தொடங்கினார்.

அவ்வளவுதான். மலாயைத் தாய்மொழியாகப் பேசும் பெண்ணுக்கு அந்தச் சொல் ஒரு நோயின் பெயராக மட்டுமே கேட்டிருக்கிறது. முதுகில் எழுதுகிறவள் நான் என்பதால் எனக்குத்தான் அப்படிப் பட்டது. யாரும் நினைக்காத ஒன்றுக்குப் பயந்து என் சிறுநீரகத்தைக் கொடுக்கப் பார்த்தேன். அன்றைக்கு ஆரஞ்சைச் சாப்பிட்டுக்கொண்டே அழுதேன். அவர் பழம் புளிக்கிறது என்று நினைத்துக்கொண்டார்.

சிறுநீரில் புரதம் மெல்ல இறங்கியது. ஒரு தடவை ஏறி, மறுபடி இறங்கியது. சிறுநீரகத்தில் கொஞ்சம் நிரந்தரமாகப் போய்விட்டது. மீதியை வைத்து வாழலாம் என்றார்கள். டாக்டர் இப்போது சொல்லும் சொல் ‘அடங்கியிருக்கிறது’. குணமாகிவிட்டது என்று அவர் சொல்வதில்லை, நானும் கேட்பதில்லை. பள்ளியில் ஒப்பந்தம் நீட்டிக்கப்பட்டது. கொட்டகைப் பட்டியலை இந்த வருடம் வேறு ஒருவர் எடுத்தார். தூசி எனக்கு ஆகாது என்று காக் ரோஸே போய்ப் பேசிவிட்டார்.

நான் இன்னும் பயந்துகொண்டுதான் இருக்கிறேன். இதை மறைத்து எழுதினால் உங்களுக்கு உதவாது. சாதாரணத் தலைவலிகூட இப்போது சாதாரணமாக வருவதில்லை. மூளைக்குப் போய்விட்டதா என்ற கேள்வியோடு வருகிறது. முன்பு உடம்பு எனக்குக் கீழே வேலை பார்ப்பதுபோல் நினைத்திருந்தேன். இப்போது காலையில் கண்விழித்ததும் முதலில் அதனிடம் கேட்கிறேன்: இன்றைக்கு எப்படி? அது பதில் சொல்லும்வரை கட்டிலிலேயே இருக்கிறேன்.

காலமும் மாறிவிட்டது. முதலில் இரண்டு வாரத்துக்கு ஒரு முறை ஆஸ்பத்திரி. அப்போது எனக்கு வாழ்க்கை இரண்டு இரண்டு வாரமாகத்தான் இருந்தது. பிறகு மாதம். போன முறை நாலு மாதம் கழித்து வரச் சொன்னார்கள். குமரன் சந்தோஷத்தில் ஆயர் ஈத்தாம் பாசாரில் இறங்கி எல்லாருக்கும் சாப்பாடு வாங்கினார். நான் நாள்காட்டியில் வாரங்களை எண்ணினேன். நாலு மாதம் என்னை யாரும் பார்க்கப்போவதில்லை.

பள்ளி திறக்கப்போகிறது. போன வாரம் யாழினிக்குச் சீருடை வாங்கப் போனோம். கடைக்கார அக்கா வழக்கம்போல இரண்டு அளவு பெரிய நீலப் பினாஃபோர் கவுனை எடுத்துப் போட்டார். “பெரிசாவே எடு தங்கச்சி. மடிச்சுத் தெச்சுக்கோ. அடுத்த வருஷமும் ஆவும்.”

நோய் வந்ததிலிருந்து அவளுக்கு எல்லாவற்றையும் சரியான அளவிலேயே வாங்கிக்கொண்டிருந்தேன். ஏன் என்று யாரும் கேட்டதில்லை. எனக்கே அந்தக் கடையில்தான் புரிந்தது. அக்கா துணியைக் கையில் பிடித்துக்கொண்டு காத்திருந்தார். யாழினி அதைத் தன் தோளில் வைத்துப் பார்த்து, முழங்காலுக்குக் கீழே தொங்குவதைக் கண்டு சிரித்தாள்.

பெரியதையே வாங்கினேன்.

நேற்று மதியம் உட்கார்ந்து அடிப்பக்கத்தை நாலு விரல் மடித்துத் தைத்தேன். ஊசியைப் பிடிக்க விரல்கள் ஒத்துழைத்தன. அடுத்த வருடம் இதை நானே பிரிப்பேன் என்று இங்கே எழுத ஆசையாக இருக்கிறது. எழுதப் பயமாக இருக்கிறது. தையலை மட்டும் அகலம் அகலமாகப் போட்டேன், தைக்கவே தெரியாத ஒருவர் பிரித்தாலும் துணி கிழியாதபடி.